லிஃப்ட்டில் வயர் போகும் வழி: சென்னையிலிருந்து சில குறிப்புகள்

லிஃப்ட் என்றதும் யாருக்கும் வருகிற முதல் பயம், கயிறு அறுந்து விழுந்துடுமோ என்பதுதான். சினிமாவும் அதையே திரும்பத் திரும்பக் காட்டிப் பழக்கிவிட்டது. ஆனால் அந்தப் பயத்துக்கு மருந்து கண்டுபிடித்து 170 வருஷம் ஆகிறது. 1854-ல் நியூயார்க் கிரிஸ்டல் பேலஸ் கண்காட்சியில் எலிஷா ஓடிஸ் ஒரு தூக்குமேடையில் ஏறி நின்றுகொண்டு, அதைத் தாங்கிய கயிற்றைக் கூட்டத்தின் முன்னாலேயே வெட்டச் சொன்னார். மேடை கொஞ்சம் இறங்கி, அப்படியே பிடித்துக்கொண்டு நின்றது. இன்றைய லிஃப்ட் ஒரே கயிற்றில் தொங்குவதும் இல்லை. பல கயிறு, அதற்கு மேல் வேகம் கூடினால் தண்டவாளத்தைக் கவ்விக்கொள்ளும் பிரேக்.

இப்போது லிஃப்ட்டில் உயிர் போவது பெரும்பாலும் வேறு விதத்தில். கதவு திறக்கும், உள்ளே கூண்டு இருக்காது. அல்லது கதவு முழுசா மூடாமலே கூண்டு நகரும். இந்த இரண்டையும் தடுக்க வேண்டியது கயிறு இல்லை, வயர்.

அதனால் இந்தப் பதிவு வயரைப் பற்றி. அது எந்த வழியாகப் போகிறது, ஏன் அந்த வழியாகப் போகணும், சென்னை மாதிரி ஊரில் அதற்கு என்ன ஆகிறது என்பதைப் பற்றி. வயரிங் சரியில்லைன்னா ஷாக் அடிக்கும், தீப்பிடிக்கும் என்பது எல்லாருக்கும் தெரியும். எனக்குப் படிக்கப் படிக்கப் புரிந்தது இன்னொன்று. தப்பான வழியில் போன வயர் நேராக ஆளைக் கொல்வது குறைவு. அது முதலில் லிஃப்ட்டை அடிக்கடி நிறுத்தும். அப்படி நின்று நின்று அலுத்துப்போன மனுஷன் ஒரு வேலை செய்வான் பாருங்க, அதுதான் கொல்லும்.

கொலுப்படி சீரியல் செட்

முதல் லிஃப்ட்கள் மின்சாரத்தில் ஓடவில்லை. 1857-ல் நியூயார்க்கின் ஹாவ்வவுட் கடையில் ஓடிஸ் நிறுவனம் வைத்த பயணிகள் லிஃப்ட் நீராவியில் ஓடியது. 1880-ல் ஜெர்மனியின் மன்ஹைம் கண்காட்சியில் வெர்னர் வான் சீமென்ஸ் மின்சார லிஃப்ட்டை ஓட்டிக் காட்டினார். இந்தியாவுக்கு லிஃப்ட் வந்தது 1892-ல், கல்கத்தா ராஜ்பவனுக்கு. அப்போது அது வைஸ்ராயின் மாளிகை. அதை வைத்ததும் ஓடிஸ்தான்.

மின்சாரம் வந்ததில் மோட்டார் மட்டும் மாறவில்லை. கதவு நிஜமாவே மூடியிருக்கா என்று லிஃப்ட் தானே தெரிந்துகொள்ள வழி கிடைத்தது. அந்த அமைப்பைப் புரிந்துகொள்ள, நவராத்திரிக்குக் கொலுப்படியில் போடுகிற பழைய சீரியல் செட்டை நினைத்துக்கொள்ளுங்கள். வரிசையில் ஒரு பல்பு போனால் மொத்த வரிசையும் அணைந்துவிடும். லிஃப்ட்டிலும் அப்படி ஒரு வரிசை உண்டு. ஒவ்வொரு மாடிக் கதவின் பூட்டிலும் ஒரு சுவிட்ச், கூண்டின் கதவில் ஒன்று, கூண்டின் தலையில் ஒன்று, கீழே குழியில் ஒன்று, வேகத்தைக் கண்காணிக்கும் கவர்னரில் ஒன்று, கூண்டு எல்லை தாண்டினால் தட்டுகிற மாதிரி மேலேயும் கீழேயும் ஒவ்வொன்று. எல்லாம் ஒரே கோட்டில் ஒன்றன்பின் ஒன்றாக. கடைசியில் மோட்டாருக்குக் கரண்ட் விடுகிற கான்டாக்டரின் சுருள். வழியில் எந்த சுவிட்ச் திறந்தாலும் கான்டாக்டர் விழுந்துவிடும், மோட்டார் நிற்கும், பிரேக் பிடிக்கும்.

பிரேக் விஷயத்தில் ஒரு அழகு இருக்கிறது. கரண்ட் வந்து பிரேக்கைப் பிடிக்காது. ஸ்பிரிங்தான் எப்போதும் பிடித்துக்கொண்டிருக்கும். கரண்ட் செய்வது அதை விடுவிக்கும் வேலை மட்டும். அதாவது கரண்ட் இல்லாத நிலைதான் பத்திரமான நிலை. கோளாறு எதுவானாலும் லிஃப்ட் நிற்கும் பக்கமாகவே சாயவேண்டும் என்பதுதான் இந்தத் தொழிலின் மூலக் கணக்கு.

ஆனால் இந்த சுவிட்சுகள் ஒரு பெட்டிக்குள் இல்லை. கட்டடத்தின் அடியிலிருந்து உச்சிவரை சிதறிக் கிடக்கின்றன. அத்தனையையும் கோர்க்கும் வயர், கட்டடத்திலேயே மோசமான இடங்கள் வழியாகத்தான் போயாகணும். சென்னையில் மோசமான இடம் என்றால், தண்ணீர் வரும் இடம்.

டிராம் சொல்லிக்கொடுத்த பாடம்

வயரைத் தரைக்குக் கீழே கொண்டுபோனால் இந்த ஊரில் என்ன ஆகும் என்பதை மெட்ராஸ் 19ஆம் நூற்றாண்டிலேயே பார்த்துவிட்டது. இந்தியாவின் முதல் மின்சார டிராம் ஓடியது இங்கேதான், 1895 மே 7-ல். அப்போது தெருவுக்கு மேலே கம்பி இழுக்கவில்லை. கான்டூயிட் முறை என்று ஒன்று. தண்டவாளங்களுக்கு நடுவே ரோட்டில் ஒரு நீளப் பிளவு, அதற்கு அடியில் ஒரு கால்வாய், கால்வாய்க்குள் மின்கம்பி. வண்டியிலிருந்து ஒரு கை பிளவு வழியாக இறங்கி அந்தக் கம்பியைத் தொட்டுக்கொண்டே போகும். தெரு பார்க்கச் சுத்தமாக இருக்கும், தலைக்கு மேலே ஒரு கம்பி இருக்காது.

அப்புறம் வடகிழக்குப் பருவமழை வந்தது. கால்வாயில் மழைத்தண்ணீர் நிரம்பியது. கடைசியில் அந்த முறையையே கைவிட்டு மேல்கம்பிக்கு மாறினார்கள். பிறகு 1953 ஏப்ரல் 12 வரை மெட்ராஸ் டிராம் தலைக்கு மேலே போன கம்பியில்தான் ஓடியது.

லிஃப்ட்டுக்கும் டிராமுக்கும் என்ன சம்பந்தம்னு கேட்கலாம். லிஃப்ட் என்பது செங்குத்தாக நிற்கும் டிராம். அதற்கும் தண்டவாளம் உண்டு, நகரும் வண்டிக்குக் கரண்ட் கொடுத்தாகணும். வித்தியாசம், டிராமை மேல்கம்பிக்கு மாற்றிவிடலாம், லிஃப்ட்டின் குழியை மேலே மாற்ற முடியாது.

பதினாலு மாடி

சென்னையில் உயரமும் லிஃப்ட்டும் ஊர்ப்பேச்சுக்கு வந்தது மவுண்ட் ரோடு எல்ஐசி கட்டடத்தோடு. எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியாரின் யுனைடெட் இந்தியா ஆயுள் காப்பீட்டு நிறுவனத்துக்காக 1953-ல் தொடங்கிய வேலை. அவர் 1954-ல் சிங்கப்பூர் விமான விபத்தில் இறந்துபோனார். 1956-ல் ஆயுள் காப்பீடு நாட்டுடைமையானது, கட்டடமும் எல்ஐசி கைக்குப் போனது. 1959 ஆகஸ்டில் அன்றைய நிதியமைச்சர் மொரார்ஜி தேசாய் திறந்து வைத்தார். 177 அடி. ஊரிலிருந்து வந்தவர்கள் அண்ணாந்து பார்த்து மாடியை எண்ணிவிட்டுப் போனார்கள்.

அந்த உயரத்தில் லிஃப்ட் ஒரு சொகுசு இல்லை, அவசியம். வயருக்கும் அங்கே புதுப் பிரச்சினை. பதினாலு மாடி ஏறி இறங்கும் கூண்டுக்குள் விளக்கு, ஃபேன், பட்டன், கதவு சுவிட்ச் எல்லாவற்றுக்கும் கரண்ட் எப்படிப் போகும்?

பதில், டிரெய்லிங் கேபிள். ஷாஃப்ட்டின் பாதி உயரத்தில் சுவரில் ஒரு ஜங்ஷன் பாக்ஸ். மேலே மெஷின் ரூமிலிருந்து வரும் வயர்கள் குழாய்க்குள் அதுவரை வந்து முடியும். அங்கிருந்து கேபிள் கீழே தொங்கி, 'ப' எழுத்து மாதிரி வளைந்து, கூண்டின் அடிவயிற்றில் போய்ச் சேரும். பாதி உயரத்தில் தொடங்குவதால், முழு உயரத்துக்கு ஓடும் கூண்டுக்குப் பாதி உயரத்துக்குக் கொஞ்சம் அதிகமான கேபிள் போதும். கூண்டு ஏற ஏற வளைவு மேலே போகும், இறங்க இறங்கக் கீழே வரும்.

கேட்க எளிமையாக இருக்கிறதா? ஒரு நாளில் சில நூறு தடவை வளைந்து நிமிரும் வயர் இது. சாதாரண வீட்டு வயரைப் போட்டால் உள்ளே செம்பு சீக்கிரமே முறிந்துவிடும். அதனால் மயிர் போன்ற மெல்லிய செம்பு இழைகள், தட்டையான உறை. உயரம் அதிகமானால் கேபிள் தன் எடையாலேயே இழுபடாமல் இருக்க நடுவில் எஃகுக் கம்பியும் சேர்ப்பார்கள். இந்திய தர நிர்ணயத்தில் லிஃப்ட் கேபிளுக்கென்றே ஐஎஸ் 4289 என்று தனி எண் இருக்கிறது.

கேபிள் மட்டும் நல்லதாக இருந்தால் போதாது, வழியும் சரியாக இருக்கணும். வளைவு மிகவும் குறுகலாக இருக்கக்கூடாது. முறுக்கு ஏறியிருக்கக்கூடாது, ஏறினால் ஆடும், ஆடினால் ஷாஃப்ட் சுவரில் துருத்தும் இரும்பில் மாட்டும். கூண்டு கீழ்த்தளத்தில் நிற்கும்போது வளைவின் அடி குழித்தரையைத் தொடக்கூடாது. கடைசி விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருகிறேன்.

ஷாஃப்ட்டைப் பற்றி இன்னொன்று. அது ஒரு புகைபோக்கி. கீழே தீப்பிடித்தால் புகையும் சூடும் அந்தச் செங்குத்து வழியாகத்தான் மேல் மாடிகளுக்கு ஏறும். எல்ஐசி கட்டடத்திலேயே 1975 ஜூலை 11 அன்று பெரிய தீ விபத்து நடந்தது. பல மாடிக் கட்டடத்தில் தீ என்றால் என்ன என்று சென்னை முதன்முதலாகக் கற்றுக்கொண்ட நாள் அது. தீ விபத்தில் லிஃப்ட்டைப் பயன்படுத்தாதீர்கள் என்று எழுதி வைப்பதற்கு ஒரு முக்கியமான காரணம் இந்தப் புகைபோக்கி. ஷாஃப்ட்டில் எரியக்கூடிய வயர் உறை எவ்வளவு குறைவோ அவ்வளவு நல்லது என்பதும் இதனால்தான்.

மேலே டேங்க், கீழே சம்ப்

எல்ஐசி ஒரு விதிவிலக்கு. லிஃப்ட் சாதாரண சென்னைக்காரர் வாழ்க்கைக்குள் வந்தது அதற்கு அப்புறம். மயிலாப்பூர் கடற்கரையில் 1977 ஜனவரியிலிருந்து இயங்கும் கலங்கரை விளக்கத்துக்குள் ஒரு லிஃப்ட் வைத்தார்கள். இந்தியக் கலங்கரை விளக்கங்களில் அது ஒரு அபூர்வம். 2013 நவம்பரிலிருந்து பார்வையாளர்களும் ஏறலாம். உப்புக்காற்றில் செம்பு முனைகள் பச்சை பூத்துக்கொண்டே இருக்கும் என்பது கடலோரத்தில் வேலை பார்க்கும் எந்த எலக்ட்ரீஷியனுக்கும் தெரியும்.

அதே காலத்தில் தி.நகரிலும் மயிலாப்பூரிலும் அடையாறிலும் தனி வீடுகளை இடித்து ஃபிளாட் கட்டும் பழக்கம் தொடங்கியது. லிஃப்ட் நிறுவனங்களும் இங்கேயே வளர்ந்தன. ஜான்சன் லிஃப்ட்ஸ் 1963-ல் சென்னையில் தொடங்கியது. பின்லாந்தின் கோனே 1980களில் இந்தியாவுக்கு வந்தபோது, பெஸ்ட் அண்ட் கிராம்ப்டன் என்ற பழைய மெட்ராஸ் நிறுவனத்தோடு சேர்ந்துதான் வந்தது. அந்தக் காலத்துக் கம்பிக்கதவு லிஃப்ட்கள் சில இன்னும் ஓடிக்கொண்டிருக்கின்றன.

இங்கே நிலத்தைப் பற்றிச் சொல்லணும். தி.நகர் 1920களில் உருவானது ஒரு ஏரியின் மேல். நுங்கம்பாக்கத்திலிருந்து தெற்கே நீண்டுகிடந்த 'லாங் டேங்க்' ஏரியை வற்றவைத்துத்தான் மாம்பலத்தில் அந்த மனைகளைப் போட்டார்கள். அடையாறு ஆற்றங்கரை. மயிலாப்பூர் கடலுக்குப் பக்கம், கொஞ்சம் தோண்டினாலே ஈரம். இந்த மண்ணில்தான் ஒவ்வொரு ஃபிளாட்டுக்கும் ஒன்றரை மீட்டர் போல ஒரு லிஃப்ட் குழி தோண்டுகிறோம். கட்டடத்தின் மிகத் தாழ்ந்த இடம் அது. மழைத்தண்ணீர், ஊற்று, கார் கழுவின தண்ணீர், எல்லாவற்றுக்கும் கடைசி முகவரி.

ஒரு வழக்கமான சென்னை ஃபிளாட்டில் தண்ணீர் சேர்ந்திருக்கும் இடம் இரண்டு. கீழே சம்ப், மொட்டைமாடியில் ஓவர்ஹெட் டேங்க். லிஃப்ட்டின் மின்சாரச் சாமான் சேர்ந்திருக்கும் இடமும் இரண்டு. கீழே குழி, மொட்டைமாடியில் மெஷின் ரூம். சின்ன மனையில் படிக்கட்டைச் சுற்றி எல்லாவற்றையும் அடுக்கும்போது என்ன ஆகும்? சம்ப் குழிக்குப் பக்கத்துச் சுவர். டேங்க் பல இடங்களில் மெஷின் ரூமின் தலைமேலேயே. சம்ப் கசிந்தால் குழி ஊறும், டேங்க் நிரம்பி வழிந்தால் பேனலில் சொட்டும். யாரும் கெட்ட எண்ணத்தில் செய்தது இல்லை. கட்டடத்தை வரைந்தவர் தண்ணீரின் வழியை வரைந்தார், லிஃப்ட்காரர் வயரின் வழியை வரைந்தார். இரண்டையும் ஒரே தாளில் வைத்துப் பார்க்க ஆள் இல்லை.

சட்டமும் கேபிள் டிவியும்

பம்பாய்க்கு 1939-லேயே லிஃப்ட் சட்டம் வந்துவிட்டது. தமிழ்நாட்டுக்கென்று தனி லிஃப்ட் சட்டம் வந்தது 1997-ல். எல்ஐசி திறந்து 38 வருஷம் கழித்து. அதுவரை பொதுவான மின்சாரச் சட்டமும் விதிகளும்தான். 1956-ம் வருஷத்து இந்திய மின்சார விதிகளில் ஒன்று, மோட்டாரின் உடம்பை இரண்டு தனித்தனி எர்த் கம்பிகளால் நிலத்தோடு இணைக்கச் சொன்னது. ஒன்று அறுந்தாலும் இன்னொன்று காப்பாற்றும். லிஃப்ட்டின் பல கயிறு யோசனைதான், வயரில்.

1997 சட்டப்படி லிஃப்ட் வைக்க முன் அனுமதி, ஓட்ட உரிமம், சோதனை, விபத்து நடந்தால் தகவல் எல்லாம் கட்டாயம். இந்தப் பொறுப்பை அரசு கொடுத்தது தலைமை மின் ஆய்வாளரிடம். இது யோசிக்க வேண்டிய விஷயம். லிஃப்ட்டை முதலில் ஒரு மின்சாரச் சாதனமாகத்தான் அரசு பார்த்தது. சரியான பார்வை என்றே நினைக்கிறேன். பின்னாளில் எஸ்கலேட்டரும் இதில் சேர்ந்தது.

தர விதிகள் இன்னும் பழையவை. 1960களின் ஐஎஸ் 1860, 2000-ல் ஐஎஸ் 14665, 2022-ல் ஐஎஸ் 17900 என்று எண்கள் மாறிக்கொண்டே வந்தாலும் சில வாக்கியங்களின் சாரம் மாறவில்லை. அதில் ஒன்று: லிஃப்ட் ஷாஃப்ட்டுக்குள் லிஃப்ட்டுக்குச் சம்பந்தமில்லாத வயரோ குழாயோ போகக்கூடாது.

நம்ம ஊரில் அதிகமாக மீறப்பட்ட விதி அதுவாகத்தான் இருக்கும். 1990களின் தொடக்கத்தில் கேபிள் டிவி வந்தது. மொட்டைமாடியிலிருந்து ஒவ்வொரு மாடிக்கும் வயர் இறக்கணும். சுவரை உடைக்காமல், வெயில் மழை படாமல், மேலிருந்து கீழ்வரை நேராகப் போகிற ஒரு வழி ஏற்கெனவே தயாராக இருக்கிறது. யாருக்குத்தான் ஆசை வராது? கேபிள் டிவிக்குப் பின்னால் டெலிபோன், அதற்குப் பின்னால் இன்டர்நெட்.

போன வருஷம் எங்கள் கட்டடத்துக்கு சர்வீஸுக்கு வந்த மெக்கானிக்கிடம் கேட்டுக்கொண்டு, அவர் கதவைப் பிடித்துக்கொள்ள, ஷாஃப்ட்டுக்குள் டார்ச் அடித்துப் பார்த்தேன். வயர்கள் கொடி மாதிரி தொங்கின.

"இவ்வளவு வயர் ஓடுதாண்ணே லிஃப்ட்டுக்கு?"

"பாதி நம்மது இல்ல சார். நம்மது அந்த பைப்புக்குள்ள போகுது பாருங்க, அதோட இந்த ஃபிளாட் கேபிள். மத்ததெல்லாம் யாரோ இறக்கினது. கனெக்ஷன் மாத்துனா பழசை எடுக்க மாட்டாங்க, அப்படியே விட்டுட்டுப் போயிடுவாங்க."

தொங்குகிற அநாதை வயர் ஒருநாள் காற்றில் ஆடிக் கூண்டில் மாட்டும், அல்லது டிரெய்லிங் கேபிளோடு பின்னிக்கொள்ளும். தீப்பிடித்தால் புகைபோக்கிக்குள் விறகு. இது போக இன்னொரு புதுச் சிக்கலும் உண்டு. பழைய ரிலே பேனல், டக் டக் என்று சத்தம் போடுமே அது, தொட்டால்சிணுங்கி இல்லை. இப்போதைய இன்வெர்ட்டர் டிரைவ் மோட்டாருக்கு அனுப்பும் கரண்ட்டில் மின் இரைச்சல் அதிகம். மோட்டார் கேபிளையும் சிக்னல் வயரையும் ஒரே குழாயில் அடைத்தால் லிஃப்ட் காரணமே இல்லாமல் நிற்கும், தப்பான மாடி காட்டும். இரண்டையும் இடைவெளி விட்டுத் தனி வழியில் கொண்டுபோகணும், மோட்டார் கேபிளின் உலோகக் கவசத்தை எர்த் பண்ணணும்.

2015 டிசம்பர்

2015 டிசம்பர் 1-ம் தேதி தாம்பரத்தில் 24 மணி நேரத்தில் 49 செ.மீ. மழை. செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து 29,000 கனஅடி திறப்பு. அடையாறு ஆறு கரை தாண்டியது. கோட்டூர்புரம், சைதாப்பேட்டை, ஜாஃபர்கான்பேட்டையில் கீழ்த்தளங்கள் மூழ்கின. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது திரும்பவும் அதே கதை, வேறு தெருக்கள்.

டிரெய்லிங் கேபிளின் வளைவு குழித்தரையைத் தொடக்கூடாது என்றேன் இல்லையா? கூண்டு கீழ்த்தளத்தில் நிற்கும்போதுதான் அந்த வளைவு மிகத் தாழ்ந்திருக்கும். நம் லிஃப்ட்கள் பல, வேலையில்லாதபோது தானாகவே கீழ்த்தளத்துக்கு வந்து நிற்கும்படி அமைக்கப்பட்டவை. ஆக, குழியில் தண்ணீர் ஏறும்போது கேபிள் அங்கேயே காத்திருக்கும். கூடவே குழி ஸ்டாப் சுவிட்ச், கடைசி லிமிட் சுவிட்ச், குழி விளக்கு. தண்ணீர் இன்னும் ஏறினால் கூண்டே நனையும்.

அப்போது சீரியல் செட்டுக்கு என்ன ஆகும்? இதைக் கொஞ்சம் பொறுமையாகப் பார்க்கணும், பதிவின் முக்கியமான இடம் இதுதான்.

அந்தக் கோட்டின் இரண்டு முனைகளையும் நிலத்தோடு இணைக்காமல் மிதக்க விட்டிருக்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். ஓர் இடத்தில் ஈரத்தால் கசிவு வந்தால் ஒன்றும் நடக்காது. லிஃப்ட் ஓடும், யாருக்கும் தெரியாது. அப்புறம் ஒரு நாள், ஒரு கதவு சுவிட்சுக்கு அந்தப் பக்கம் இன்னொரு கசிவு. இப்போது கரண்ட்டுக்குக் குறுக்கு வழி கிடைத்துவிட்டது. முதல் கசிவில் இறங்கி, லிஃப்ட்டின் இரும்பு உடம்பு வழியாகப் போய், இரண்டாவது கசிவில் ஏறிவிடும். நடுவில் இருக்கும் கதவு சுவிட்ச் திறந்தே இருக்கலாம். கான்டாக்டருக்கு அது தெரியாது. கதவு திறந்திருக்க, லிஃப்ட் நகரும்.

இதனால்தான் அந்தக் கோட்டின் ஒரு முனையை வேண்டுமென்றே எர்த் பண்ணி, கான்டாக்டர் சுருளை நேராக அந்த முனையோடு சேர்க்கிறார்கள். அப்போது முதல் கசிவிலேயே ஃபியூஸ் போய்விடும். லிஃப்ட் நின்றுவிடும்.

ஆகவே மழைநாளில் குழியில் தண்ணீர் வந்து லிஃப்ட் நின்றுபோச்சுன்னா அது கெட்டுப்போனது இல்லை. காப்பாற்றும் வேலையைச் செய்தது.

ஆனால் நமக்கு அப்படித் தெரிவதில்லை. மூன்றாவது மாடியில் டயாலிசிஸுக்குப் போகவேண்டிய பாட்டி. நாலாவது மாடியில் இடுப்பு எலும்பு ஆபரேஷன் ஆன மாமா. அவர்களுக்கு லிஃப்ட் இல்லைன்னா வீடே சிறை. அசோசியேஷன் செயலாளருக்குப் போன் மேல் போன், அவர் மெக்கானிக்குக்குப் போன் மேல் போன். மெக்கானிக் வந்து ஃபியூஸ் மாற்றுவார், திரும்பப் போகும். தண்ணீர் முழுசா இறைத்து, சுவிட்சைக் காயவைத்து, வயரை மாற்ற இரண்டு நாள் ஆகும். அவருக்கு அன்று இன்னும் பத்து கட்டடம். கடைசியில் பேனலில் இரண்டு முனைகளுக்கு நடுவே ஒரு சாண் வயர். ஜம்பர். நனைந்த குழி சுவிட்சும் அதன் வயரும் கோட்டிலிருந்து விலகிவிட்டன. "இப்போதைக்கு ஓடட்டும்." லிஃப்ட் ஓடும், எல்லாரும் நன்றி சொல்வார்கள்.

இப்போதைக்கு என்பது எவ்வளவு நாள் என்று எங்கேயும் எழுதிவைப்பதில்லை. அடுத்த மாதம் குழிக்குள் சுத்தம் செய்ய இறங்கும் ஆள், ஸ்டாப் சுவிட்சைத் தட்டிவிட்டோம், லிஃப்ட் வராது என்று நம்பிக் குனிவார். அதே ஒரு சாண் வயர் கதவுப் பூட்டுக் கோட்டில் விழுந்திருந்தால், குழிக்குள் இறங்காதவருக்கும் ஆபத்து. 2023 மே மாதம் மயிலாப்பூர் ராதாகிருஷ்ணன் சாலையில் ஒரு ஹோட்டலில், 24 வயது ஊழியர் ஒருவர் டிராலியைத் தள்ளிக்கொண்டு ஏறும்போது டிராலி கதவில் மாட்டியது. லிஃப்ட் நகர்ந்தது, அவர் நசுங்கி இறந்தார். ஒரு லிஃப்ட்டில் எது நடக்கவே கூடாது என்பதற்காக இந்தக் கோடு முழுவதும் இருக்கிறதோ, அது இதுதான்.

மெக்கானிக்கை மட்டும் குறை சொல்வது சுலபம். ஆனால் ஜம்பர் போடவேண்டிய நெருக்கடியை உண்டாக்கியது சம்ப்பின் பக்கத்தில் குழியை வைத்தவர், குழியில் நீர்ப்பூச்சுக்குச் செலவு மிச்சம் பிடித்தவர், சுவிட்சை நீர்மட்டத்துக்குக் கீழே பொருத்தியவர், இரண்டு நாள் லிஃப்ட் நிற்பதைப் பொறுக்காத நாம். புது விதிகள் இதைப் புரிந்துகொண்டிருக்கின்றன. சர்வதேச விதியை ஒட்டிய ஐஎஸ் 17900-ல், கதவுக் கோட்டைத் தாண்டவேண்டும் என்றால் அதற்கென்றே பேனலில் ஒரு சுவிட்ச். அதைப் போட்டால் பொதுமக்களுக்கு லிஃப்ட் ஓடாது, சோதனை முறையில் மட்டும்தான் நகரும், அதுவும் கூண்டில் ஒலியும் அடியில் மின்னும் விளக்குமாக. கையில் இருக்கும் ஒரு சாண் வயரை மறைவிலிருந்து வெளிச்சத்துக்குக் கொண்டுவந்த யோசனை. ஆனால் ஊரில் ஓடும் லிஃப்ட்களில் பெரும்பகுதி இதற்கு முந்தியவை.

நம் கட்டடத்தில் பார்க்கக்கூடியவை

நீங்களாகக் கதவைத் திறந்து எட்டிப் பார்க்காதீர்கள். சர்வீஸ் நாளில் மெக்கானிக் கூட நின்று கேட்கலாம். குழி காய்ந்திருக்கிறதா, அங்கே இருக்கும் சுவிட்சுகளை உயர்த்திப் பொருத்த முடியுமா? ஷாஃப்ட்டில் லிஃப்ட்டுக்குச் சம்பந்தமில்லாத வயர் இருக்கிறதா? இருந்தால் கேபிள்காரரைக் கூப்பிட்டு வெளிச்சுவர் வழியாகத் திருப்பச் சொல்லலாம், செலவு பெரிசில்லை. மெஷின் ரூமில் பழைய பேப்பரும் கொலு பொம்மைப் பெட்டியும் இல்லாமல் இருக்கட்டும். டேங்க் வழியும் தண்ணீர் எங்கே போகிறது என்று ஒரு தடவை மோட்டார் போட்டுப் பாருங்கள். கனமழை எச்சரிக்கை வந்தால் கூண்டை மேல் மாடிக்கு அனுப்பி, காலி என்று பார்த்துவிட்டு, மெயினை அணைத்துவிடுங்கள். தண்ணீர் வடிந்ததும் நாமே போடாமல், மெக்கானிக் பார்த்தபின் போடலாம்.

இன்னும் ஒன்று, காசே ஆகாதது. லிஃப்ட்டுக்கு ஒரு நோட்டு வையுங்கள். எந்தக் கோட்டை எந்தத் தேதியில் யார் தற்காலிகமாகத் தாண்டினார், எந்தத் தேதியில் எடுத்தார் என்று இரண்டு பத்தி. இரண்டாவது பத்தி காலியாக இருக்கும்வரை லிஃப்ட் ஓடக்கூடாது. பாட்டியைக் கீழே இறக்க ஒரு நாற்காலியும் நாலு பேரும் போதும். நின்றுபோன லிஃப்ட்டைப் பொறுத்துக்கொள்ள அந்த நாலு பேர் தயாராக இருக்கிற கட்டடத்தில் ஜம்பருக்கு வேலை இல்லை.